புவெப்லாவுக்கு இரண்டு முறை

பிப்ரவரி 2, 2024, வெள்ளி

மெக்சிகோ நகரத்துக்கு வந்து மூன்று நாள் ஆகிறது. இன்னும் மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்குகிறது. "2,240 மீட்டர் உயரம் அம்மா, மெதுவாக நடங்கள்" என்று மகன் சொல்லிக்கொண்டே இருக்கிறான். ஊட்டியும் ஏறக்குறைய அதே உயரம்தான். ஊட்டியில் இரண்டு கோடிப் பேரைக் குடிவைத்து மெட்ரோ ரயிலும் விட்டதாக நினைத்துக்கொண்டால் இந்த ஊர் பிடிபட்டுவிடும்.

இன்று காணிக்கை மாதா திருநாள். காலையில் கோவிலுக்குப் போனால், பெண்கள் ஆளுக்கொரு குழந்தை இயேசு சுரூபத்தைப் புதுச்சட்டை போட்டு, பிள்ளையைத் தூக்குவதுபோல மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள். ஒரு சுரூபத்துக்கு டாக்டர் உடை, கழுத்தில் ஸ்டெதஸ்கோப். எங்கள் பாளையங்கோட்டையில் யாராவது இப்படிச் செய்தால் பங்குச் சாமியார் என்ன சொல்வார் என்று யோசித்தேன். இங்கே சாமியார் சிரித்துக்கொண்டே தீர்த்தம் தெளித்தார்.

மதியம் தமால். மக்காச்சோள மாவுக்குள் பூரணம் வைத்து, சோளக்கதிரின் தோகையில் மடித்து ஆவியில் வேகவைத்தது. கொழுக்கட்டைக்கு ஒன்றுவிட்ட சகோதரி. ஜனவரி 6 அன்று வெட்டும் ரொட்டியில் யார் துண்டில் குழந்தைப் பொம்மை வருகிறதோ, அவர்தான் இன்றைக்கு எல்லோருக்கும் தமால் வாங்கித் தரவேண்டுமாம். அலுவலகத்தில் பொம்மை இவனுக்கு வந்திருக்கிறது. செலவுக் கணக்கைச் சொல்லி இன்னும் புலம்பிக்கொண்டிருக்கிறான்.

பிப்ரவரி 4, ஞாயிறு

நாளை அரசியல் சட்ட நாள் விடுமுறை. மகன் ஒரு வேன் சுற்றுலாவில் இரண்டு இடம் பிடித்திருக்கிறான். ஒரே நாளில் சோலுலா, தொனான்சிந்த்லா, புவெப்லா. நிரலில் பலாஃபோக்ஸ் நூலகம் இருக்கிறதா என்று மட்டும் பார்க்கச் சொன்னேன். இருக்கிறது என்றான்.

எனக்கு இன்னொரு வேலையும் உண்டு. 31 ஆண்டுகள் பள்ளியில் வரலாறு நடத்தியவள். காத்தரீனா தே சான் ஹுவான் என்ற பெயரை எங்கோ படித்ததிலிருந்து மனத்தில் முடிந்துவைத்திருக்கிறேன். முகலாயர் ஆண்ட பகுதியில் பிறந்த சிறுமி. இயற்பெயர் மிர்ரா என்கிறார்கள். போர்த்துகீசியக் கொள்ளையரிடம் அகப்பட்டுக் கொச்சிக்கு வந்தாள். அங்கே ஞானஸ்நானம். பிறகு மணிலா. அங்கிருந்து கப்பலில் பசிபிக் கடலைத் தாண்டி அகபுல்கோ, கடைசியில் 1620களில் புவெப்லாவில் ஒரு வீட்டுக்கு அடிமை. சாகும்போது ஊரே அவளைப் புனிதையாக எண்ணியிருக்கிறது. இயேசு சபைக் கோவிலில் அடக்கம் செய்தார்கள்.

சவேரியார் வந்திறங்கிய கடற்கரைக்காரி நான். இதே கொச்சியும் இதே இயேசு சபையும் எனக்குப் பாடப்புத்தகம் அல்ல, பாட்டி சொன்ன கதை. அந்தக் கல்லறையைப் பார்க்காமல் திரும்புவதில்லை என்று மகனிடம் சொல்லிவிட்டேன். "பார்ப்போம் அம்மா" என்றான். அவன் அப்பாவும் முடியாது என்பதற்குப் பதிலாக இதைத்தான் சொல்வார்.

பிப்ரவரி 5, திங்கள்

ஏழு மணிக்கு வரவேண்டிய வேன் ஏழே முக்காலுக்கு வந்தது. பதினான்கு பேர். வழிகாட்டி இளைஞர், ஒரே மூச்சில் ஸ்பானிஷிலும் ஆங்கிலத்திலும் மாறி மாறிப் பேசுகிறவர். ஸ்பானிஷில் நகைச்சுவை வரும், பாதி வேன் சிரிக்கும். அதே நகைச்சுவை ஆங்கிலத்தில் வரும்போது யாரும் சிரிப்பதில்லை.

"நீங்கள் இந்துவா?" என்று என்னிடம் கேட்டார். இல்லை, கிறிஸ்தவள் என்றேன். அவர் முகம் குழம்பியது. பிறகு மகன் விளக்கினான்: இங்கே 'இந்தியோ' என்றால் இந்த மண்ணின் பழங்குடி, அதுவும் மட்டமாகச் சொல்லும் சொல். ஆகவே இந்தியாக்காரர் யாராக இருந்தாலும் மரியாதையாக 'இந்து'தான். ஜெபமாலையைக் கையில் வைத்துக்கொண்டு நாள் முழுக்க இந்துவாக இருந்தேன்.

புவெப்லா சாலை பைன் காட்டுக்குள் ஏறி இறங்குகிறது. இறக்கத்தில் இரண்டு எரிமலைகள் வெளிப்பட்டன. படுத்திருக்கும் பெண்ணைப் போன்ற இஸ்தாக்சிவாத்ல், அவளுக்குக் காவலாகப் போபோகாதேபெத்ல். இந்த மண்ணின் பழங்குடி மொழியான நவாட்லில் வெள்ளைப் பெண், புகையும் மலை. இரண்டும் 5,000 மீட்டருக்கு மேல். 1994 முதல் புகைந்துகொண்டிருக்கும் மலையை ஊர்க்காரர்கள் 'தோன் கோயோ' என்கிறார்கள். கிரகோரி ஐயா என்று நாம் சொல்வது மாதிரி. இன்றும் ஐயா வாயிலிருந்து வெற்றிலைக்கொடி அளவுக்கு ஒரு புகை.

சோலுலாவில் ஒரு குன்று, உச்சியில் மஞ்சள் நிற மாதா கோவில். ஏறுவதற்குள் மூன்று இடத்தில் நின்றேன். மூன்றாவது இடத்தில்தான் வழிகாட்டி சொன்னார், இது குன்றே அல்ல என்று. பக்கத்துக்குச் சுமார் 400 மீட்டர் அகலமுள்ள பிரமிடு. உயரத்தில் எகிப்தியப் பிரமிடுகளிடம் தோற்றாலும் கனஅளவில் உலகிலேயே பெரியது. ஒன்றன்மேல் ஒன்றாகப் பல நூற்றாண்டுகள் கட்டி, பிறகு கைவிட்டு, புல்லும் மரமும் மூடிப்போயிருந்தது. 1519-இல் ஸ்பானியப் படைத்தலைவன் கோர்த்தேஸ் இங்கே வந்து, கூடியிருந்த மக்களை ஆயிரக்கணக்கில் வெட்டிப்போட்டான். அதே நூற்றாண்டின் முடிவில், 1594-இல், ஸ்பானியர் உச்சியில் மாதாவுக்குக் கோவில் கட்டினார்கள். கீழே இருப்பதன் பழைய பெயர் த்லாச்சிவால்தெபெத்ல், மனிதர் செய்த மலை. 1931-இல் ஆய்வாளர்கள் உள்ளே சுரங்கம் குடையத் தொடங்கினார்கள், மொத்தம் எட்டுக் கிலோமீட்டர். எங்கள் நிரலில் சுரங்கத்துக்கு இடமில்லை.

மேலிருந்து பார்த்தால் திரும்பிய பக்கமெல்லாம் கோபுரம். 365 கோவில் என்று சொல்வார்கள், எண்ணிப் பார்த்தால் அதில் பாதிகூடத் தேறாது என்று வழிகாட்டியே ஒப்புக்கொண்டார். அதற்காகவே அவரைக் கொஞ்சம் பிடித்துப்போயிற்று.

தொனான்சிந்த்லாவுக்குக் கொடுத்தது இருபத்தைந்து நிமிடம். இன்றைய நாளில் அந்த இருபத்தைந்து நிமிடம்தான் நாள். வெளியே சிவப்பும் நீலமுமாக அடக்கமான சின்னக் கோவில். உள்ளே காலடி வைத்தால் சுவரில் ஒரு சாண் இடம் வெறுமையாக இல்லை. சுதையில் வானதூதர்கள், நூற்றுக்கணக்கில். ஐரோப்பியச் சாயலில் சிலர், பழுப்பு முகத்தோடு தலையில் இறகுக் கிரீடம் தரித்த சிலர். இடையிடையே மக்காச்சோளக் கதிரும் பழங்களும். தேர்ச்சி பெற்ற சிற்பியின் ஒழுங்கு இல்லை. ஒரு தூதருக்குக் கண் ஒன்று சற்றே மேலே ஏறியிருக்கிறது, இன்னொருவர் பல்வலிக்காரர் போலக் கன்னம் வீங்கியிருக்கிறார். எங்கள் ஊர்க் கோபுரத்துச் சுதைப் பொம்மை செய்தவர்களின் கை இது. படம் எடுக்கத் தடை. அதனால் பதினான்கு பேரும் தலையை அண்ணாந்து பார்த்தார்கள். அந்தத் தடையை எல்லாக் கோவிலிலும் போடலாம்.

பெயரைப் பிரித்துச் சொன்னார் வழிகாட்டி. 'தோ' நம்முடைய, 'நான்' தாய், 'சின்' மரியாதைக்குச் சேர்ப்பது, 'த்லா' இடம். ஸ்பானியர் வருவதற்கு முன் தொனான்சின் என்பவள் இவர்களுடைய தெய்வம். மகனுக்கு ஆங்கிலத்தில் விளக்கிக்கொண்டிருந்தார். தேவையே இல்லை. 'தாயார்' என்பதில் நாம் சேர்க்கும் 'ஆர்' என்ன செய்கிறதோ, அதைத்தான் 'சின்' செய்கிறது. தாயார் இருக்கும் ஊர். பெயரில் அவளை விட்டுவைத்து, பீடத்தில் மரியாளை ஏற்றியிருக்கிறார்கள். முன்வரிசையில் முழந்தாளிட்டிருந்த பாட்டி யாரைக் கும்பிட்டாள் என்று நான் எதற்குக் கேட்கவேண்டும்?

அடுத்தது தலவேரா பீங்கான் கடை. அங்கே ஐம்பத்தைந்து நிமிடம். தொனான்சிந்த்லாவுக்கு இருபத்தைந்து என்பதை மறுபடி இங்கே எழுதிவைக்கிறேன். ஆனால் குயவர் செய்துகாட்டியதில் குறை சொல்ல முடியாது. இரண்டு வகைக் களிமண், இரண்டு சூளை. முதல் சூளையில் வெந்த தட்டை விரல்முட்டியால் தட்டி, ஓசை கணீரென்று வந்தால்தான் வெள்ளை மெருகில் முக்குகிறார். சந்தையில் பானை வாங்கும்போது நாம் தட்டிப்பார்ப்பதே. நீலத்துக்குக் கோபால்ட். சாயம் மெருகின்மேல் சற்றே மேடு தட்டி நிற்கும், தடவினால் விரலுக்குத் தெரியும். மணிலாக் கப்பலில் வந்த சீனப் பீங்கானைப் பார்த்துத்தான் இந்த நீலமும் வெள்ளையும் இங்கே பரவியிருக்கிறது. ஒரு சின்னக் கிண்ணத்தின் விலையைக் கேட்டுவிட்டு, தட்டிப் பார்த்ததோடு திருப்பி வைத்தேன்.

புவெப்லாவில் சாப்பாடு மூன்றரைக்கு. மோலே: உலர்ந்த மிளகாயில் பல வகை, எள், பாதாம், கிராம்பு, பட்டை, கொஞ்சம் சாக்லேட், எல்லாம் வறுத்து அரைத்த குழம்பு, கோழிமேல் கறுப்பாகப் பளபளத்தது. இனிப்பு என்று பயந்தேன். வறுத்தரைத்த காரக்குழம்பின் அடிவாசனைதான் முதலில் வந்தது. மிளகாய் இவர்கள் தந்தது, கிராம்பும் பட்டையும் நம் பக்கத்தது.

சமையற்கட்டு வாசலில் ஓர் அம்மி, மூன்று கால் வைத்தது. பெயர் மெத்தாத்தே. அதன் குழவிக்கு நவாட்லில் மெத்லபில்லி என்று பெயர், அம்மியின் பிள்ளை என்று பொருள். நாமும் குழந்தைக்குச் சொல்லும் சொல்லைத்தானே கல்லுக்கு வைத்திருக்கிறோம்! 'பில்லி' என்றால் பிள்ளை என்பதை மட்டும் நம் ஊரில் சொல்லமாட்டேன். சொன்னால் நாளையே ஒருவர் மெக்சிகோவைக் குமரிக்கண்டத்தோடு சேர்த்துவிடுவார்.

பிறகு எல்லாம் ஓட்டம். 1649-இல் அபிஷேகமான பேராலயம், பதினைந்து நிமிடம். சாந்தோ தொமிங்கோ கோவிலின் ஜெபமாலை மாதா சிற்றாலயம், பத்து நிமிடம். 1690-இல் கட்டி முடித்தது, சுதை முழுக்கப் பொன் தகடு, கண் கூசுகிறது. தொனான்சிந்த்லாவில் இருப்பதற்கும் இதற்கும் இலக்கணம் ஒன்றுதான். ஆனால் இங்கே தூதர்கள் எல்லோரும் அழகாக இருக்கிறார்கள், அவர்களில் ஒருவர் முகமும் இப்போது நினைவில்லை.

நூலகம்? திங்கள்கிழமை மூடல். நிரலில் அச்சடித்துவைத்து, திங்கள்கிழமை கூட்டிவந்து, "அடுத்த முறை" என்கிறார்கள். எனக்கு வயது 62.

காத்தரீனாவைப் பற்றி வழிகாட்டி தாமாகவே சொன்னார். சீனா பொப்லானா, புவெப்லாவின் சீனப்பெண். கிழக்கிலிருந்து வந்த இளவரசி, ஜிகினா வைத்த பாவாடை அணிந்தவள், அந்த உடைதான் மெக்சிகோவின் தேசிய உடை ஆயிற்று என்றார். நான் கையைத் தூக்கினேன். வகுப்பில் தூக்கச் சொல்லிப் பழகிய கை. அந்தக் காலத்தில் ஆசியாவிலிருந்து வந்த எல்லோரையும் இங்கே 'சீனர்' என்றுதான் சொன்னார்கள், அவள் இந்தியாவில் பிறந்த அடிமை, அந்தப் பாவாடை அவள் செத்து நூறு ஆண்டுக்குப் பிந்தியது என்றேன். "கல்லறையைப் பார்க்கலாமா?" வேன் புறப்பட ஐந்து நிமிடம் இருந்தது. அவர் உண்மையாகவே வருந்தினார்.

விடுமுறை முடிந்து திரும்பும் கூட்டத்தில் மாட்டி, வீடு சேர இரவு பத்தரை. மகனிடம் வழியெல்லாம் பேசவில்லை. படுக்கும்முன் சொன்னேன், நாளை நான் மட்டும் பஸ்ஸில் போகிறேன் என்று.

பிப்ரவரி 6, செவ்வாய்

"ஸ்பானிஷ் தெரியாதே அம்மா" என்றான். "காத்தரீனாவுக்குத் தெரிந்திருந்ததா?" என்றேன். அலுவலகம் போகும் வழியில் தாப்போ பஸ் நிலையத்தில் கொண்டுவந்து விட்டு, டிக்கெட்டும் எடுத்து, திரும்பும் பஸ் நேரத்தைத் தாளில் எழுதி என் பையில் வைத்தான். நல்ல பிள்ளைதான்.

இரண்டு மணி நேரத்தில் புவெப்லா. 1531-இல் ஸ்பானியர் தங்களுக்கென்று நூல்பிடித்துக் கட்டிய ஊர். தெருக்களுக்கு எண்தான் பெயர், வடக்கு தெற்கு கிழக்கு மேற்கு. வழி தவறவே முடியாது. நான் ஒரு தடவை தவறினேன்.

நூலகத்தில் ஒரு மணி நேரம் இருந்தேன். ஆயர் ஹுவான் தே பலாஃபோக்ஸ் 1646-இல் தம் 5,000 புத்தகங்களைக் கொடுத்துத் தொடங்கியது. இன்று 45,000. நீளமான ஒரே கூடம், இருபுறமும் மூன்றடுக்குத் தேவதாரு அலமாரிகள், கடைசியில் மாதா படம். மூத்த புத்தகம் 1473-இல் அச்சானது, ஹெரோடோட்டஸின் வரலாறு. வரலாற்று வாத்தியார் எல்லோருக்கும் முப்பாட்டன். கண்ணாடிக்கு வெளியே நின்று ஒரு கும்பிடு போட்டேன். திருவிழா ராட்டினம் போல ஒரு புத்தகச் சக்கரமும் இருக்கிறது. பல புத்தகங்களைத் தட்டுகளில் விரித்துவைத்து, சக்கரத்தைச் சுற்றிச் சுற்றி உட்கார்ந்த இடத்திலேயே படிக்கலாம். மரம், தூசி, பழைய தோல் வாசனை.

இயேசு சபைக் கோவில் நடக்கும் தூரத்தில். காத்தரீனா 1688 ஜனவரி 5 அன்று இறந்தாள். அவளுடைய ஆன்ம குரு அலோன்சோ ராமோஸ் மூன்று பாகமாக அவள் சரிதையை எழுதினார். அது வந்த சில ஆண்டுகளிலேயே மதவிசாரணை மன்றம் தடைசெய்துவிட்டது. அவள் கண்ட காட்சிகளையெல்லாம் அப்படியே எழுதியது பிடிக்கவில்லை. புனிதை ஆகவில்லை, பாவாடை ஆனாள்.

கல்லறை சாக்ரீஸ்தில், அதாவது சாமியார் பூசைக்கு உடை மாற்றும் அறையில். சாக்ரீஸ்து கதவு பூட்டியிருந்தது. தரை துடைத்துக்கொண்டிருந்த பெண்ணிடம் "காத்தரீனா தே சான் ஹுவான்" என்று மட்டும் சொன்னேன். அவள் கதவைக் காட்டி, கையைக் கன்னத்தில் வைத்துத் தலையைச் சாய்த்தாள். உள்ளே உறங்குகிறாளாம். சாவிக்காரர் எப்போது வருவார் என்று கடிகாரத்தைத் தொட்டுக் கேட்டேன். ஐந்து விரல் காட்டினாள். என் பஸ் நாலரைக்கு.

கதவுக்கு எதிரே இருந்த பெஞ்சில் உட்கார்ந்தேன். அவள் துடைப்பத்தைச் சாய்த்துவைத்துவிட்டுப் பக்கத்தில் வந்து நின்று, என் புடவை முந்தானையின் ஓரத்தை இரண்டு விரலால் பிடித்துப் பார்த்தாள்.

"இந்து?"

"சி" என்றேன். இன்று திருத்தவில்லை.

ஒரு பத்துமணி ஜெபமாலை சொல்லி முடிக்கும்வரை இருந்துவிட்டுப் புறப்பட்டேன். நிலைய வாசலில் புளி மிட்டாய் வாங்கினேன், மேலே மிளகாய்த்தூள் புரட்டியது. பொட்டலத்தில் 'தமரிந்தோ' என்று போட்டிருக்கிறது.

பஸ்ஸில் ஏறி உட்கார்ந்ததும் மகன் அழைத்தான். "கல்லறையைப் பார்த்தீர்களா அம்மா?"

"கதவைப் பார்த்தேன்" என்றேன். "என்ன சாப்பிடுகிறீர்கள், சத்தம் கேட்கிறது?" என்றான். நாக்கு எரிந்ததில் உடனே பதில் சொல்ல முடியவில்லை.