வீடியோ ரேப்பில் இருக்கிற சனம்: கிளிநொச்சி நாட்குறிப்பு

மே 9

நான் எடுத்த பழைய மினிடிவி (MiniDV) வீடியோ ரேப்புகளைக் கணினியில் ஏற்றும் வேலை. அறுபது நிமிட ரேப் ஏற அறுபது நிமிடம் வேண்டும், அவசரப்படுத்த வழியில்லை. மணித்தியாலத்துக்கு ஏறத்தாழ 13 ஜிபி பிடிக்கிறது. கமராவை இணைக்கிற ஃபயர்வயர் வயரைச் செருகக்கூடிய கணினி இப்போது கிடைப்பது அரிது. என்னுடையதைப் பொத்திப் பொத்தி வைத்திருக்கிறேன். வன்னி வெக்கையும் மாரி ஈரமும் சேர்ந்து சில ரேப்புகளின் ஓரத்தில் வெள்ளையாய்ப் பூஞ்சணம். அதோடு ஓடவிட்டால் ரேப்பைப் படிக்கிற ஹெட்டும் நாசம், படமும் நாசம். அவற்றைத் தனியே எடுத்து வைத்தேன்.

மே 11

2003 வற்றாப்பளை அம்மன் கோயில் பொங்கல் ரேப். ஏ9 பாதை திறந்த மறு வருடம், யாழ்ப்பாணத்திலிருந்தும் சனம் வந்து குவிந்திருந்தது. முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலில் உப்புநீரில் எரியும் விளக்கை எடுக்கிற நேரம், ஒரு பெடியன் குறுக்கே வந்து நிற்கிறான். தோளில் நீலக்கரைத் துவாய். திருநீறு வியர்வையில் கரைந்து புருவத்துக்கு இறங்கியிருக்கிறது. "அண்ணை, இது எப்ப ரீவியில வரும்?" என்று சிரிக்கிறான்.

ஆளைத் தெரியும். விசுவமடு. 2009இல் போர் முடிந்த பிறகு தகவல் இல்லை. 2017 பெப்ரவரி 20 முதல் கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயிலடியில் காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைக் கேட்டு இருக்கத் தொடங்கிய தாய்மாரில் இவனுடைய தாயும் ஒருவர்.

மே 12

ஒட்டுசுட்டான் பக்கம் ஒரு வேலை, கற்சிலைமடுவிலும் இறங்கினேன். 1803 ஒக்டோபர் 31இல் கப்டன் வொன் டிறிபேர்க் வன்னி மன்னன் பண்டாரவன்னியனைத் தோற்கடித்த இடம் என்று வெள்ளைக்காரர் இங்கே கல் நட்டார்கள். அதே வருடம் ஆகஸ்டில் முல்லைத்தீவுக் கோட்டையைப் பண்டாரவன்னியன் பிடித்ததைப் பற்றி அந்தக் கல்லில் ஒரு சொல் இல்லை. வென்றவன் நட்ட கல் அவன் பக்கத்தைத்தான் சொல்லும். அதனால்தான் எங்கள் சனத்தின் முகமும் குரலும் பதிவில் இருக்கவேண்டும் என்று இத்தனை காலமும் கமராவோடு அலைகிறேன். தேசத்தின் வரலாறு என்று நான் நம்புவது இதைத்தான். காப்பகத்துக்குக் கொடுக்கலாம், கொடுக்கத்தான் வேண்டும். ஆனால் முதல் கொப்பி படத்தில் இருப்பவரின் வீட்டுக்குப் போகவேண்டும்.

மே 15

விசுவமடு. அல்பம் எல்லாம் போர்க்கால இடப்பெயர்வில் மாத்தளனோடு போய்விட்டது என்றார் அந்தப் பெடியனின் தாய். அடையாள அட்டைக்கு எடுத்த ஒரு படத்தைப் பெருப்பித்துத்தான் இத்தனை வருடமும் கையில் பிடித்திருக்கிறார்.

மடிக்கணினியைத் திறந்து போட்டேன். முகத்துக்கு முன்னம் துவாயைத்தான் கண்டார். "தம்பி, இது நான் பரந்தன் சந்தையில வாங்கினது." பிறகு சத்தத்தைக் கூட்டச் சொன்னார். திரும்பவும் போடச் சொன்னார். திரும்பவும். மகள் குசினியிலிருந்து ஓடிவந்தாள். அவளுடைய பிள்ளை, "மாமா கதைக்கிறாரோ?" என்று கேட்டது. மாமாவின் குரலை அது கேட்பது இன்றுதான்.

பென்டிரைவில் ஒரு கொப்பி, மகளின் போனில் ஒன்று. ரேப் உறையில் "பொங்கல், சனம்" என்று இருந்ததன் கீழே அவன் பெயரையும் ஊரையும் எழுதினேன்.

மே 18

முள்ளிவாய்க்கால் நினைவு நாள். கஞ்சி குடித்தோம். எடுத்தது கொஞ்சம்தான்.

விசுவமடுக் கதை பரவிவிட்டது. விளக்கேற்றிவிட்டு வந்தவர்கள் என்னைச் சுற்றி நின்று கேட்டார்கள்: புதுக்குடியிருப்புச் சந்தை எடுத்தீங்களோ? இரணைமடு வான்கதவு திறந்த நேரம் எடுத்தது இருக்கோ, அவர் அதில நிண்டவர். ஒவ்வொருவரின் பெயரையும், தேடுகிற ஆளையும், இடத்தையும் கொப்பியில் எழுதிக்கொண்டேன். நாளை காலை புதுக்குடியிருப்புச் சந்தை ரேப்பைப் போடப்போகிறேன், அதில் பூஞ்சணம் இல்லை.