பேச்சுப் பக்கத்தில் ஒரு வாத்து

ஆங்கில விக்கிப்பீடியாவில் கட்டுரை படிக்கும் பழக்கம் எனக்கு ஏறக்குறைய விட்டுப்போயிற்று. பக்கம் திறந்ததும் மேலே இருக்கும் ‘பேச்சு’ என்பதைச் சொடுக்கிவிடுவேன். கட்டுரையைத் தொகுப்பவர்கள் தங்களுக்குள் விவாதிக்கும் பக்கம் அது. கட்டுரையில் எல்லாரும் படம் எடுக்க நிற்பதுபோல் அடக்கமாக நிற்பார்கள். யார் யார் சட்டையைப் பிடித்தார்கள் என்பது பேச்சுப் பக்கத்தில்தான் தெரியும்.

பிழைப்புக்கு நிரல் எழுதுகிறவன் என்பதால் நிரல்மொழிகளின் பேச்சுப் பக்கங்களில்தான் முதலில் குடியேறினேன். இலக்கியத்தில் ‘இதை எழுதியது யார்’ என்று அடித்துக்கொள்ளும் பக்கங்களுக்குப் பிறகு போனேன். இரண்டு இடத்திலும் நடப்பது ஒரே வழக்கு. யார் சொன்னால் செல்லும் என்பதே அந்த வழக்கு. எது சரி என்ற கேள்வி பின்வரிசையில் கைகட்டி உட்கார்ந்திருக்கும்.

நிரல்மொழிக் கட்டுரைகளின் வலது ஓரத்தில் ஒரு தகவல் பெட்டி இருக்கும். வடிவமைத்தவர், முதல் வெளியீடு, கோப்பு நீட்சி என்று சாதுவான வரிகள். கடைசியில் எந்தெந்த மொழிகளின் தாக்கம் இதில் இருக்கிறது, இது எவற்றின் மேல் தாக்கம் செலுத்தியது என்று இரண்டு வரிகள். சண்டைக்கு அந்த இரண்டு வரியே போதும். தன் மொழிக்கு வாரிசுகள் அதிகம் என்று காட்ட எல்லாருக்கும் ஆசை. யாராவது ஒருவர் ஒரு பெயரைச் சேர்த்துவிட்டுப் போவார். அரைமணி நேரத்தில் இன்னொருவர் ‘சான்று எங்கே?’ என்று சுருக்கக் குறிப்பு எழுதி நீக்குவார். முன்னவர் திரும்ப வந்து மீளமைப்பார். ஒரே பக்கத்தில் 24 மணி நேரத்துக்குள் மூன்று முறைக்கு மேல் மீளமைத்தால் கணக்கை முடக்கலாம் என்று விதி இருக்கிறது. அதனால் பழகினவர்கள் மூன்றோடு நிறுத்திக்கொண்டு மறுநாள் வருவார்கள்.

பைத்தானையே எடுத்துக்கொள்ளுங்கள். அதை உருவாக்கிய கைடோ வான் ரோசம் அதற்கு முன்னால் ஆம்ஸ்டர்டாமில் ஏபிசி என்ற மொழியை உருவாக்கிய குழுவில் வேலை பார்த்தவர். ஆகவே ஏபிசியின் தாக்கத்தை யாரும் மறுக்க முடியாது. ஹாஸ்கெல்? பட்டியலை ஒரே வரியில் கட்டும் பைத்தான் வசதி ஹாஸ்கெல்லிலிருந்து வந்தது என்று பைத்தானின் ஆவணமே சொல்கிறது. சரி, ஒரே ஒரு வசதியைக் கடன் வாங்கினால் அது தாக்கமா, வெறும் கைமாற்றா? இதற்குத் தீர்ப்பு சொல்ல உலகத்தில் எந்தத் துறையும் கிடையாது. ஸ்விஃப்ட் மொழிக்காரர்கள் கொடுத்துவைத்தவர்கள். 2014இல் அது வெளிவந்தபோது, ஆப்ஜெக்டிவ்-சி, ரஸ்ட், ஹாஸ்கெல், ரூபி, பைத்தான், சி ஷார்ப், சிஎல்யூ, இன்னும் எண்ண முடியாத பல மொழிகளிலிருந்து யோசனை எடுத்ததாக அதை வடிவமைத்த கிறிஸ் லாட்னர் தன் சொந்தப் பக்கத்தில் எழுதிவைத்தார். அந்த ஒரு வாக்கியத்தால் தப்பித்த பேச்சுப் பக்கங்கள் பல இருக்கும்.

இதைவிடக் கெட்டது ‘வலுவான வகையமைப்பு’ என்ற வரி. எண், எழுத்து என்று தரவின் வகைகளை ஒரு மொழி எவ்வளவு கறாராகப் பிரித்து வைக்கிறது என்பதுதான் விஷயம். எண் 3ஐயும் எழுத்தாக இருக்கும் 3ஐயும் கூட்டச் சொன்னால் பைத்தான் பிழை என்று நின்றுவிடும். ஜாவாஸ்கிரிப்ட் இரண்டையும் ஒட்டி 33 என்று நீட்டும். முன்னது வலுவானது, பின்னது தளர்வானது, அவ்வளவுதானே என்று வெளியிலிருந்து பார்ப்பவருக்குத் தோன்றும். சி மொழி வந்ததும் பேச்சு தடம் மாறிவிடும். அதில் வகையை முன்கூட்டியே அறிவித்தாக வேண்டும், ஆனால் நினைவக இடத்தைக் காட்டும் ஒரு சுட்டியை எப்படி வேண்டுமானாலும் வகை மாற்றிப் படிக்கலாம். அப்படியானால் அது எந்தப் பக்கம்? 1974இல் பார்பரா லிஸ்கோவும் ஸ்டீபன் ஜில்ஸும் ஒரு வரையறை கொடுத்தார்கள். அதற்குப் பிறகு பாடப்புத்தகம் எழுதியவர்கள் ஆளுக்கொன்று கொடுத்தார்கள். எல்லாமே அச்சில் இருக்கிறது, எல்லாமே செல்லுபடியாகும் சான்று, ஒன்றுக்கொன்று ஒத்துவராது. விக்கியில் ‘சொந்த ஆய்வு’ கூடாது என்பதால், எது சரியான வரையறை என்று நீங்கள் யோசித்துச் சொல்லவும் முடியாது. இரவு முழுக்க சி எழுதுகிறவர்கள் சி என்னவென்று சொல்ல உரிமையில்லாமல் உட்கார்ந்திருப்பதைப் பார்க்க எனக்கு ஒரு குரூரமான சந்தோஷம் உண்டு.

வலைப்பக்கத்தின் கட்டமைப்பை எழுதும் ஹெச்டிஎம்எல் நிரல்மொழியா என்ற கேள்வியைப் பற்றி அதிகம் சொல்லப்போவதில்லை. புதிதாக ஒருவர் வந்து கேட்பார், ‘இல்லை’ என்பார்கள், இன்னொருவர் ‘சிஎஸ்எஸ்ஸைச் சேர்த்தால் விதி 110ஐ ஓட்டலாம்’ என்று, எந்தக் கணக்கையும் செய்யவல்ல ஓர் எளிய விதிமுறையைக் காட்டி ஆரம்பிப்பார். நான் எழுந்து போய்விடுவேன்.

2011இல் நடந்த நீக்கல் விவாதங்கள் அப்படி எழுந்து போகக்கூடியவை அல்ல. நெமர்லே, ஆலிஸ் எம்எல் போன்ற சிறிய மொழிகளின் கட்டுரைகளை அழிக்க வேண்டும் என்று முன்மொழிந்தார்கள். மொழி இருக்கிறதா, ஓடுகிறதா என்பதெல்லாம் கேள்வியே இல்லை. அந்த மொழியோடு சம்பந்தமில்லாத, நம்பத்தகுந்த யாராவது அதைப் பற்றி விரிவாக எழுதியிருக்கிறார்களா என்பதுதான் குறிப்பிடத்தக்கமை. நிரல்மொழிகளைப் பற்றிய நல்ல எழுத்தெல்லாம் வலைப்பூக்களிலும் மடலாடற் குழுக்களிலும் இருக்கிறது, விக்கி அவற்றை ஏறிட்டும் பார்க்காது. செய்தி வெளியே பரவியதும் நிரலாளர்கள் கூட்டமாக வந்து ‘வைத்திருங்கள்’ என்று எழுதினார்கள். ஒரு தொகுப்புகூடச் செய்யாத கணக்குகள் வந்து எழுதினால், பெயருக்குப் பக்கத்தில் ‘இவர் இதைத் தவிர வேறெதுவும் தொகுத்ததில்லை’ என்று சின்ன எழுத்தில் ஒட்டிவிடுவது அங்கே வழக்கம். அங்கே தலையை எண்ணுவதில்லை, வாதத்தைத்தான் எடைபோடுவார்கள். அந்த இரண்டு மொழிகளின் கட்டுரைகளும் இன்றும் இருக்கின்றன.

அதே 2011இல் அதே தளத்தின் நடுவர் குழுவுக்கு முன்னால் ஷேக்ஸ்பியர் வந்து நின்றார். ஷேக்ஸ்பியரின் நாடகங்களை ஷேக்ஸ்பியர் எழுதவில்லை என்ற கட்சியைப் பற்றிய கட்டுரைதான் காரணம். 1857இல் டெலியா பேக்கன் ஒரு புத்தகம் போட்டதிலிருந்து இந்தக் கட்சி உயிரோடு இருக்கிறது. பிரான்சிஸ் பேக்கன், மார்லோ, டெர்பி பிரபு என்று இதுவரை எண்பதுக்கும் மேற்பட்ட வேட்பாளர்கள். இப்போது முன்னணியில் இருப்பவர் ஆக்ஸ்போர்டின் 17ஆம் பிரபு எட்வர்ட் டி வேர். 1920இல் லூனி என்ற பள்ளி ஆசிரியர் அவரைக் கண்டுபிடித்துக் கொடுத்தார்.

டி வேர் 1604இல் இறந்துபோனார். ‘டெம்பெஸ்ட்’ நாடகமோ, 1609இல் பெர்முடாவில் கரை தட்டிய ஒரு கப்பலைப் பற்றிய விவரங்களைத் தொட்டு எழுதப்பட்டது என்பது அறிஞர்களின் பொதுவான கருத்து. நாடகத்தின் காலமே தவறு என்பது பிரபு கட்சியின் பதில். ‘தவறு என்று சொன்ன பேராசிரியர் யார்?’ என்பது அடுத்த கேள்வி. ‘பேராசிரியர்கள் எல்லாரும் அந்தப் பக்கம் சம்பளம் வாங்குகிறவர்கள்’ என்பது அதற்குப் பதில். பக்கம் பக்கமாக இதேதான். நடுநிலை என்றால் இரண்டு தரப்புக்கும் சமபங்கு என்று ஒரு கூட்டம், ஆய்வுலகில் எதற்கு எவ்வளவு எடையோ அவ்வளவு இடம் என்று எதிர்க்கூட்டம். விக்கியின் விதி இரண்டாவது கூட்டத்தின் பக்கம் இருக்கிறது. நடுவர் குழு அந்தத் தலைப்பையே கண்காணிப்பில் வைத்து, வரம்பு மீறுபவர்களை நிர்வாகிகள் உடனே தடுக்கலாம் என்று உத்தரவிட்டது. அதே வருடம் அந்தக் கட்டுரை சிறப்புக் கட்டுரை தகுதியும் பெற்றது. இவ்வளவு அடிதடி நடந்ததால்தான் அதில் சான்றில்லாத வாக்கியம் கிடைப்பது கஷ்டம் என்று நினைக்கிறேன்.

உண்மையான ஆசிரியத்துவ ஆய்வு வேறு பக்கம் அமைதியாக நடந்துகொண்டிருக்கிறது. 2016இல் வந்த ஷேக்ஸ்பியரின் புதிய ஆக்ஸ்போர்டு பதிப்பு ஆறாம் ஹென்றி நாடகங்களில் மார்லோவை இணையாசிரியராகப் போட்டது. இந்த வேலைக்கு முன்னோடி, அமெரிக்க அரசியலமைப்பை ஆதரித்து எழுதப்பட்ட ‘ஃபெடரலிஸ்ட்’ கட்டுரைகள் மேல் நடந்த ஆய்வு. 85 கட்டுரைகள், எல்லாம் புப்ளியஸ் என்ற ஒரே புனைபெயரில். அதில் 12ஐ ஹாமில்டனும் தனதென்றார், மேடிசனும் தனதென்றார். 1964இல் புள்ளியியலாளர்கள் மாஸ்டெல்லரும் வாலஸும் கருத்தையெல்லாம் ஒதுக்கிவிட்டு, யாரும் கவனிக்காத சின்ன இடைச்சொற்களை எண்ணினார்கள். ‘அப்பான்’ (upon) என்ற சொல்லை ஹாமில்டன் தாராளமாகப் போடுவார், மேடிசனிடம் அது அபூர்வம். பன்னிரண்டும் மேடிசனுடையவை என்று கணக்கு வந்தது.

இப்போது வாத்துக்கு வருகிறேன். பைத்தானின் தகவல் பெட்டியில் வகையமைப்பு என்ற இடத்தில் ‘வாத்து’ என்றே இருக்கும். வாத்துபோல் நடந்து வாத்துபோல் கத்தினால் அதை வாத்தாகவே நடத்து, பிறப்புச் சான்றிதழ் கேட்காதே என்பது அந்த மொழியின் கொள்கை. ஒரே ஆள் பல பெயரில் வந்தால் அந்தக் கணக்குகளை விக்கியில் கைப்பாவை என்பார்கள். அந்த விசாரணைப் பக்கத்திலும் இதே வாத்து உட்கார்ந்திருக்கிறது. தடைசெய்யப்பட்ட ஒருவர் புதுப் பெயரில் திரும்பி வந்தால், பழையவர் மாதிரியே காற்புள்ளி போடுகிறார், அதே சொல்லைத் தப்பாக எழுதுகிறார், அதே நேரத்தில் வருகிறார் என்று பழைய தொகுப்புகளையும் புதியவற்றையும் அடுத்தடுத்து வைத்துக் காட்டுவார்கள். வாத்து என்று தெரிந்தால் போதும், முடக்கிவிடலாம். அதாவது நடையை வைத்து ஆளைக் கண்டுபிடிக்க முடியாது என்று ஷேக்ஸ்பியர் பக்கத்தில் வாதிட்ட ஒருவரை, அவருடைய நடையை வைத்தே அங்கே பிடிக்கலாம்.

இந்தக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு நம் பக்கம் திரும்பினால் ஔவையார் மாட்டிக்கொள்வார். புறநானூற்று ஔவையும் ஆத்திசூடி ஔவையும் ஒருவரல்லர், இடையில் பல நூற்றாண்டு இருக்கிறது என்பது அறிஞர்கள் எப்போதோ சொன்னது. கைப்பாவைக்கு நேரெதிர்க் குற்றம் இது: பலர் சேர்ந்து ஒரே கணக்கைப் பயன்படுத்துவது. விக்கி விதிப்படி அதற்கும் முடக்கம்தான்.

சரி, எழுதியவரே உயிரோடு இருந்து நேரில் வந்து சொன்னால்? 2012இல் அமெரிக்க நாவலாசிரியர் பிலிப் ராத் அதைச் செய்து பார்த்தார். ‘தி ஹியூமன் ஸ்டெயின்’ நாவலின் நாயகனுக்குத் தூண்டுதல் எழுத்தாளர் அனடோல் ப்ராயார்ட் என்று கட்டுரையில் இருந்ததை எடுக்கச் சொன்னார். உங்கள் சொல் மட்டும் போதாது, இரண்டாம் நிலைச் சான்று வேண்டும் என்று பதில் வந்தது. மனிதர் ‘நியூ யார்க்கர்’ தளத்தில் நீண்ட திறந்த மடல் எழுதினார். தூண்டுதல் தன் நண்பர் மெல்வின் டூமினுக்கு நேர்ந்த ஒரு சம்பவம் என்றார். அப்புறம் அந்த மடலையே சான்றாகக் காட்டி விஷயம் கட்டுரைக்குள் வந்தது. அன்றைக்கு எல்லாரும் விக்கியைப் பார்த்துச் சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. எழுதியவர் தன் எழுத்தைப் பற்றிச் சொல்வதெல்லாம் உண்மை என்று வைத்துக்கொண்டால், ஹாமில்டன், மேடிசன் இருவரையும் என்ன செய்வது?

இரண்டு வகைச் சண்டையும் ஒரே பேச்சுப் பக்கத்தில் நடப்பதைப் பார்க்க வேண்டுமானால் ஏடா லவ்லேசுக்குப் போகலாம். சார்லஸ் பேபேஜ் திட்டமிட்ட பற்சக்கரக் கணினியான பகுப்பாய்வு எந்திரம் பற்றி மெனாப்ரியா பிரெஞ்சில் எழுதிய கட்டுரையை 1843இல் மொழிபெயர்த்து, மூலத்தைவிட நீளமான குறிப்புகளைச் சேர்த்து, வெறும் முதலெழுத்துகளோடு வெளியிட்டார் அவர். ஏழாவது குறிப்பில் பெர்னூலி எண்கள் என்ற கணித வரிசையைக் கணக்கிடும் படிகள் அட்டவணையாக இருக்கின்றன. உலகின் முதல் நிரல், முதல் நிரலாளர் என்று கொண்டாடப்படுவது இதற்காகத்தான்.

மறுப்பவர்கள் கையிலும் சரக்கு இருக்கிறது. 1830களின் பிற்பகுதியிலேயே பேபேஜ் தன் எந்திரத்துக்குப் படிகள் எழுதி வைத்திருந்தார். குறிப்புகளில் உள்ளவற்றில் ஒன்றைத் தவிர மற்றவை பேபேஜ் முன்பே தயாரித்தவை என்று ஆலன் ப்ராம்லி 1990இல் எழுதினார். ஆதரிப்பவர்கள் 1843 கோடைகாலக் கடிதங்களைக் கொண்டுவருவார்கள். பெர்னூலி எண்களைச் சேர்க்க வேண்டும் என்ற யோசனையைச் சொல்லி, தேவையான சூத்திரங்களைக் கேட்டு ஏடா பேபேஜுக்கு எழுதியது அங்கே இருக்கிறது. பேபேஜே 1864இல் தன் நினைவுக் குறிப்புகளில் இதைத் தொட்டிருக்கிறார். இயற்கணித வேலையெல்லாம் ஏடாவுடையது, சிரமம் குறைக்க பெர்னூலி பகுதியை மட்டும் தான் செய்து தர முன்வந்ததாகவும், அதில் தான் செய்த பெரும் பிழையை அவர் கண்டுபிடித்துத் திருப்பி அனுப்பியதாகவும் சொல்கிறார். இந்த ஒரு வாக்கியத்தை வைத்து இரண்டு கட்சியும் ஜெயித்ததாகக் கொண்டாடலாம். கொண்டாடுகிறார்கள். கட்டுரைக்குள் மட்டும் ‘பலரால் கருதப்படுகிறார்’ என்பதுபோன்ற ஒரு சொற்றொடர் அவ்வப்போது சற்றே உருமாறி உட்கார்ந்திருக்கும்.

நிரல் எழுதுகிறவனாக எனக்குப் பிடித்த இடம் அந்த அட்டவணையின் நான்காவது படி. ஐந்தாவது மாறியை நான்காவதால் வகுக்கச் சொல்கிறது. தலைகீழாக இருக்க வேண்டும். அச்சிட்டபடி ஓட்டினால் விடை தப்பாக வரும். கைப்பிரதியில் நேர்ந்ததா, அச்சகத்தில் நேர்ந்ததா என்று சொல்ல ஆதாரம் இல்லை. அட்டவணை முழுதும் யாருடையது என்று இவ்வளவு பேர் மோதிக்கொள்ளும்போது, நான்காவது படி எங்கள் ஆளுடையது என்று இரண்டு கட்சியிலும் ஒருவரும் வாதாடி நான் பார்க்கவில்லை.