அப்பா நிலத்தில் எனக்கு 40 சென்ட்

"தூதரகத்துல கையெழுத்துப் போட்டு அனுப்பு, பட்டா மாத்தணும்" என்று அண்ணன் வாட்ஸ்அப்பில் ஒரு தாளை அனுப்பியிருந்தார். என் பங்கை அவருக்கே விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரம் அது. படிக்காமல் கையெழுத்துப் போட இருந்தேன்.

நான் புதுக்கோட்டைப் பக்கம். கணவர் இறந்தபின் மகளை அம்மாவிடம் விட்டுவிட்டு சிங்கப்பூருக்கு வீட்டு வேலைக்கு வந்தவள். சிராங்கூன் ரோடு வீரமாகாளியம்மன் கோவிலில் பழக்கமான ஓர் அக்கா, ஊரில் பத்திர எழுத்தரிடம் வேலை பார்த்தவர், தாளைப் பார்த்ததும் தடுத்துவிட்டார். அப்பா சம்பாதித்து வாங்கிய நிலம், உயில் எழுதாமலே போய்ச் சேர்ந்துவிட்டார். அப்படியென்றால் 1956-ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டப்படியே அம்மா, அண்ணன், நான் மூவருக்கும் சம பங்கு. 1 ஏக்கர் 20 சென்ட்டில் எனக்கு 40. பூர்வீகச் சொத்தில்கூட, அதற்குமுன் கல்யாணமாகாத பெண்களுக்குத் தமிழ்நாடு 1989-லேயே பங்கு கொடுத்துவிட்டது. எங்கள் ஊரில் இதையெல்லாம் யாரும் பேசுவதில்லை. கல்யாணச் சீரோடு பெண் கணக்கு முடிந்தது என்பார்கள். அம்மாவே ஒரு பட்டுப்புடவையை வாங்கிக்கொண்டு பிறந்த வீட்டு நிலத்துக்குக் கைநாட்டு வைத்தவர். "கேட்டா அண்ணன் உறவு அத்துப்போயிரும்டி" என்று போனில் அழுதார். இரண்டு வாரம் எனக்கும் தூக்கமில்லை. ஆனால் என் மகளுக்கென்று வேறு என்ன இருக்கிறது?

சித்தி மகள் பெயரில், பாகப்பிரிவினைக்கு மட்டும் என்று பவர், அதாவது எனக்காக அவள் செயல்பட அதிகாரம் கொடுக்கும் பத்திரம், எழுதினோம். விற்கும் அதிகாரம் கொடுக்கவில்லை. நீங்களும் கொடுக்காதீர்கள். தூதரகம் ஞாயிற்றுக்கிழமை திறக்காது. மேடத்திடம் விஷயத்தைச் சொன்னேன், ஒரு செவ்வாய்க்கிழமை அனுப்பிவைத்தார். கிரேஞ்ச் ரோட்டிலுள்ள தூதரகத்தில் அதிகாரி முன்னால்தான் கையெழுத்துப் போடவேண்டும். தாள் ஊருக்குப் போய்ச் சேர்ந்த 3 மாதத்துக்குள் மாவட்டப் பதிவாளரிடம் கொடுத்து முத்திரைத்தீர்வை கட்டியாகவேண்டும்.

அலைச்சல் எல்லாம் வாரிசுச் சான்றிதழுக்குத்தான். அண்ணன் கொடுத்த மனுவில் என் பெயரே இல்லை. அதைச் சேர்க்க சித்தி மகள் ஐந்து தடவை நடந்தாள், அதில் மூன்று நாள் கூலி போனது.

அண்ணன் கடைசியில் பாகப்பிரிவினைப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டார். என்னிடம் இன்னும் பேசவில்லை, அது நெஞ்சில் கிடக்கிறது. உட்பிரிவு செய்து தனிப் பட்டா கொடுக்க சர்வேயர் வரவேண்டும்.

போன வாரம் அண்ணி தனியாகக் கூப்பிட்டார். அவருடைய அப்பா நிலத்துக்கு என்னென்ன தாள் வேண்டும் என்று கேட்டார். குரலைத் தாழ்த்தித்தான் கேட்டார்.