ஆத்தே காட்டிய வீடியோ

மாசி மகத்தன்று தேவனாம்பட்டினத்தில் தீர்த்தவாரி முடிந்து சாமிகளெல்லாம் ஊர் திரும்பிய பிறகு, ராத்திரி கடற்கரையிலேயே சின்னதாக ஒரு மேடை போட்டுப் பிள்ளைகளுக்குப் பாட்டுப் போட்டி வைத்தார்கள். மைக் செட் நம்ம கடையுடையது. கடற்கரை நிகழ்ச்சி என்றாலே எனக்கு வயிற்றில் புளி கரைக்கும். உப்புக் காற்றில் ரெண்டு மணி நேரம் கிடந்தால் போதும், ஜாக் முனையெல்லாம் பிசுபிசுத்துப் போய் அடுத்த வாரம் கரகரவென்று கத்தும். அதனால் பாட்டைவிட ஒயர்களைத்தான் அதிகம் பார்த்துக்கொண்டிருந்தேன், அக்கா மகள் மேடை ஏறும்வரை.

பாப்பாவுக்குப் பதினோரு வயது. நன்றாகத்தான் பாடினாள், சுருதி எங்கேயும் விலகவில்லை, மூச்சு எடுக்கிற இடம்கூடச் சரியாக இருந்தது. பாடி முடித்ததும் நடுவர் ஒருவர் மைக்கை வாங்கி, "அருமைம்மா, ஆனா சரணத்துல இன்னும் கொஞ்சம் மேல போயிருந்தா எங்கேயோ போயிருப்ப" என்றார். ஆறுதல் பரிசாக ஒரு எவர்சில்வர் தூக்கு கொடுத்தார்கள். திருப்பாதிரிப்புலியூருக்கு வண்டியில் திரும்பும்போது கெடிலம் பாலம் தாண்டும்வரை அக்கா இதையே பேசிக்கொண்டு வந்தாள். "ஒரு கட்டை ஏத்தி வெச்சிருக்கலாம்ல? நீயாவது சொல்லியிருக்கலாம்ல?" பாப்பா தூக்கின் மூடியைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தாள்.

அன்றைக்கு ராத்திரி தூக்கம் வராமல் யூடியூபைத் திறந்தேன். பல வருடங்களாகப் பார்க்காத ஒரு வீடியோவைத் தேடினேன்.

முதலில் அதைப் பார்த்தது 2008-இல், துபாயில். தேரா பக்கம் ஒரு ஹோட்டலின் அடித்தளத்தில், சலவைப் பகுதியில் எனக்கு வேலை. அங்கே என்னைத் தவிர எல்லோரும் பிலிப்பைன்ஸ்காரர்கள், ரெண்டு மலையாளிகளைக் கழித்துவிட்டால். அவர்கள் மொழியில் அக்காவுக்கு 'ஆத்தே'. முதல் நாள் யாரோ "ஆத்தே!" என்று கூப்பிட்டதும் நான் ஏதோ பதறிப்போய்த் திரும்பிப் பார்த்தது இன்னும் ஞாபகம் இருக்கிறது, நம்ம ஊரில் பாம்பைப் பார்த்தால்தானே அப்படிக் கத்துவார்கள். அந்த ஆத்தே படுக்கை விரிப்புகளை இஸ்திரி போடும் பெரிய உருளை மிஷினில் நிற்பவர். மணிலாவுக்குத் தெற்கே லகுனா மாகாணம். ஒருநாள் சாப்பாட்டு நேரத்தில் என்னைக் கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் சூப்பர்வைசர் கம்ப்யூட்டர் முன்னால் உட்காரவைத்து, "பார், எங்க பக்கத்துப் பிள்ளை" என்றார்.

நெட் நின்று நின்று ஓடியது. கொரியா நாட்டு டிவி நிகழ்ச்சி ஒன்று. மேடையில் ஒல்லியாக, குள்ளமாக, நம்ம ஊர்க் கணக்கில் எட்டாவது படிக்கும் பிள்ளை மாதிரி ஒருத்தர். வாயைத் திறந்தால் அந்த உடம்பிலிருந்து வருகிற குரலா அது என்று சந்தேகம் வந்துவிட்டது, நான் பொய் சொல்லவில்லை, லிப் மூவ்மென்ட்தான் என்றுகூடச் சொன்னேன். ஆத்தே என் தலையில் ஒரு தட்டு தட்டினார்.

ஷரீஸ் என்ற பெயரில் உலகத்துக்குத் தெரிந்த அவர் பிறந்தது 1992 மே மாதம். அவருடைய சிறு வயதிலேயே அம்மா அப்பாவைப் பிரிந்துவிட்ட வீடு. ஏழு வயதிலிருந்து போட்டிகளில் பாடத் தொடங்கியது வீட்டுச் செலவுக்குத்தான். எண்பது போட்டிகள் வரை இருக்கும் என்கிறார்கள். அங்கே ஊருக்கு ஊர் புனிதர் பெயரில் ஃபியஸ்டா என்று திருவிழா நடக்கும், நம்ம தேர்த் திருவிழா மாதிரியே பந்தல், சீரியல் செட், தின்பண்டக் கடை எல்லாம் உண்டு, கூடவே கட்டாயம் ஒரு பாட்டுப் போட்டி. ஆர்க்கெஸ்ட்ராவெல்லாம் கிடையாது, பாடுகிறவர் குரலை எடுத்துவிட்டு இசையை மட்டும் ஓடவிடும் மைனஸ் ஒன் ட்ராக்தான். அந்தச் சொல்லை ஆத்தே சொன்னபோது எனக்கு ஒரே சந்தோஷம், கடலூரிலும் அதே பெயர்தானே. ஜெயித்தால் வீட்டுக்குக் கொஞ்சம் பணம். தோற்றால் அடுத்த வாரம் அடுத்த ஊர்.

2005-இல் அங்குள்ள ஏபிஎஸ்-சிபிஎன் சேனலில் சிறுவர்களுக்கான பாட்டுப் போட்டியில் கலந்துகொண்டு, நடுவில் வெளியேற்றப்பட்டு, வைல்டு கார்டில் திரும்பி வந்து, கடைசியில் மூன்றாம் இடம். மூன்றாம் இடம் வந்த பிள்ளையை யாருக்கு ஞாபகம் இருக்கும்? அதோடு முடிந்திருக்க வேண்டிய கதை. ஒரு ரசிகர் மட்டும் டிவியில் வந்த பாடல்களைப் பிடித்து யூடியூபில் ஏற்றிக்கொண்டே இருந்தார். அது 2007, யூடியூப் வந்து ரெண்டு வருடம்தான் ஆகியிருந்தது. அந்த ரசிகர் வைத்துக்கொண்ட பெயர் 'ஃபால்ஸ்வாய்ஸ்'. கள்ளக்குரல்! எங்கள் ஆர்க்கெஸ்ட்ராக்காரர்களிடம் இதைச் சொன்னால் சிரிப்பார்கள், ஏனென்றால் அந்தப் பிள்ளையிடம் இல்லாதது அது ஒன்றுதான். மேல் ஸ்தாயிக்குப் போகும்போது எல்லோரும் குரலை மெலிதாக்கிக் கள்ளக்குரலுக்கு மாற்றுவார்கள், இவர் நெஞ்சிலிருந்து வரும் முழுக் குரலையே மேலே தள்ளிக்கொண்டு போவார். பிலிப்பைன்ஸில் அதற்கு 'பிரிட்' என்று பெயர். அப்படிப் பாடுகிறவர்களுக்கு அங்கே தனி மவுசு.

அப்புறம் நடந்ததெல்லாம் மளமளவென்று நடந்தது. 2007 அக்டோபரில் கொரியா, டிசம்பரில் அமெரிக்காவில் எலன் டிஜெனரஸ் நிகழ்ச்சி, 2008 மே மாதம் ஓப்ரா வின்ஃப்ரே. ஷரீஸ் அங்கே விட்னி ஹூஸ்டன் பாட்டு ஒன்றைப் பாடி முடித்ததும் ஓப்ரா நேராக டேவிட் ஃபாஸ்டருக்குப் போன் போட்டார். விட்னி, செலின் டியான் மாதிரி பெரிய பாடகிகளுக்கு இசைத்தட்டு தயாரித்த ஆள் அவர். அதே மாதம் லாஸ் வேகாஸில் ஃபாஸ்டருடைய கச்சேரி மேடையில் ஷரீஸ். செப்டம்பரில் நியூயார்க் மேடிசன் ஸ்கொயர் கார்டனில் செலின் டியானோடு சேர்ந்து, தன் அம்மாவுக்குச் சமர்ப்பணம் என்று ஒரு பாட்டு. பதினாறு வயது. ஆத்தே அந்த வீடியோவை இஸ்திரி மிஷின் ஓட ஓடப் பார்த்து அழுதார், ஒரு விரிப்பு மடிந்து உள்ளே சிக்கிக்கொண்டு எங்கள் ரெண்டு பேருக்கும் திட்டு விழுந்தது.

2010-இல் வந்த ஆல்பம் அமெரிக்காவின் பில்போர்டு 200 ஆல்பம் பட்டியலில் எட்டாம் இடத்தில் நுழைந்தது. ஆசியாவிலிருந்து தனியாகப் பாடி அந்தப் பட்டியலின் முதல் பத்துக்குள் போன முதல் ஆள் இவர்தான். அதே வருடம் 'க்ளீ' என்ற அமெரிக்க டிவி தொடரில் வெளிநாட்டு மாணவியாக வந்தார், இந்தப் பிள்ளை நம்மை மிஞ்சிவிடுமோ என்று பயந்து கதாநாயகி தப்பான முகவரி கொடுத்து எங்கேயோ அனுப்பிவிடுவாள். நல்ல நகைச்சுவைதான். ஆனால் மிஞ்சுமோ என்ற பயத்தில் நியாயம் இருந்தது.

பிலிப்பைன்ஸுக்கு இது முதல் முறை இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். லியா சலோங்கா ஏழு வயதில் 1978-இல் மேடை நாடகத்தில் தொடங்கி, 1989-இல் லண்டனில் கதாநாயகியாகி, 1991-இல் அமெரிக்காவில் மேடை நாடகத்துக்குக் கொடுக்கும் டோனி விருதை வாங்கினார். ஆனால் அவருக்குப் பின்னால் ஒரு நாடகக் குழு இருந்தது, ஒத்திகை இருந்தது, முறையான பயிற்சி இருந்தது. 2007-இல் யூடியூப் வழியாக ஜர்னி என்ற அமெரிக்க ராக் குழுவுக்குப் பாடகராகப் போன ஆர்னல் பினேடா சிறு வயதில் மணிலாத் தெருவில் படுத்துத் தூங்கியவர், அவர் போகும்போது நாற்பது வயதாகிவிட்டது. ஷரீஸுக்கு ரெண்டும் இல்லை. பயிற்சியும் இல்லை, வயதும் இல்லை. போட்டிகள் மட்டும் இருந்தன.

வெள்ளிக்கிழமை ராத்திரிகளில் ஆத்தேயின் அறையில் கரோக்கே நடக்கும். மேஜிக் சிங் என்று ஒரு மைக், பாட்டெல்லாம் மைக்குக்குள்ளேயே இருக்கும், ஒயரை டிவியில் சொருகினால் போதும். பாடி முடித்ததும் டிவியில் எக்காள சத்தத்தோடு மார்க் வரும். நானும் ஒரு தடவை ஏதோ உளறினேன், 94 வந்தது. ஆத்தே அடக்கமாக, அழகாகப் பாடினார், 71. "மிஷினுக்குக் கத்தினால்தான் பிடிக்கும்" என்று சொல்லிச் சிரித்தார். எனக்கு அந்த 71 மட்டும் மறக்கவே இல்லை.

2011 கடைசியில் தானே புயல் எங்கள் முந்திரித் தோப்பை மொத்தமாகப் படுக்கவைத்துவிட்டது. அடுத்த வருடம் நான் ஊருக்கு வந்துவிட்டேன், மைக் செட் கடை போட்டேன், அந்தப் பிள்ளையை மறந்தும் போனேன். 2013-இல் ஆத்தேயிடமிருந்து ஒரு மெசேஜ். டிவி பேட்டியில் ஷரீஸ் தான் ஒரு 'டாம்பாய்' என்று சொல்லிவிட்டாராம், அங்கே அந்தச் சொல்லுக்குப் பெண்ணை விரும்பும் பெண் என்று பொருள். 2017-இல் இன்னொரு மெசேஜ், இந்த முறை அழுகிற பொம்மை நிறைய. ஷரீஸ் தன்னை ஆணாக அறிவித்து, ஜேக் சைரஸ் என்று பெயர் வைத்துக்கொண்டார். ஆணாக மாறுவதற்கான ஹார்மோன் ஊசி போட்டால் குரல்நாண் தடித்துப்போய்க் குரல் இறங்கிவிடும், ஊசியை நிறுத்தினாலும் பழைய குரல் திரும்ப வராது. "ஐயோ, அந்தக் குரல் போச்சே தம்பி" என்று எழுதியிருந்தார் ஆத்தே.

அப்போது நானும் அதைத்தான் நினைத்தேன், மறைக்கவில்லை. லட்சத்தில் ஒருத்தருக்குக் கிடைக்கிற தொண்டையை இப்படிச் செய்வார்களா என்று. மைக் செட்காரன் புத்தி, நல்ல ஸ்பீக்கரை யாரோ மழையில் போட்ட மாதிரி எனக்கு வலித்தது. மாசி மகத்தன்று ராத்திரிதான் அது எனக்கு வேறு மாதிரி உறைத்தது. அந்தக் குரல் என்னுடையது என்று நான் எப்போது நினைத்துக்கொண்டேன்? ஏழு வயதிலிருந்து அந்த மேல் ஸ்தாயியைக் கேட்டவர்கள் எத்தனை பேர், வீட்டில், ஃபியஸ்டாவில், டிவியில், கொரியாவில், லாஸ் வேகாஸில், துபாயில் ஒரு சலவை அறையில். எல்லோரும் கேட்டது ஒன்றையே, இன்னும் மேல போ. அவர் போனார், யாரும் எட்டாத இடம்வரைக்கும் போனார். அதற்குப் பிறகு தனக்கு என்ன வேண்டும் என்று முதல் தடவையாக அவர் கேட்டதற்கு நாங்கள் ஒப்பாரி வைத்தோம்.

இந்தப் பதிவு முழுக்க 'அவர்' என்றே எழுதிக்கொண்டு வருகிறேன், கவனித்திருப்பீர்கள். ஆங்கிலத்தில் இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் ஒவ்வொரு வரியிலும் அவனா அவளா என்று தடுக்கி விழுகிறார்கள். தமிழில் மரியாதையாகப் பேசினாலே போதும், பிரச்சினை தீர்ந்தது. இங்கிருந்து ரெண்டு மணி நேரத் தூரத்தில்தான் கூவாகம், சித்திரை மாதம் பஸ் நிறையத் திருநங்கைகள் போவதைப் பார்த்து வளர்ந்த ஊர் இது. திருநங்கை என்ற சொல் எங்கள் வாயில் பழகிவிட்டது. பெண்ணாகப் பிறந்து ஆணாக வாழ்கிறவரைத் திருநம்பி என்று சொன்னால்தான் கடையில் வேலை பார்க்கும் பையன்கூட "அப்படின்னா இன்னாண்ணா?" என்கிறான்.

ஞாயிற்றுக்கிழமை அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். பாப்பாவிடம் பழைய வீடியோவைக் காட்டினேன், வாயைப் பிளந்துகொண்டு பார்த்தாள். அக்கா பின்னாலிருந்து, "பாரு, எப்படிப் போகுது பாரு, நீயும் இப்படிப் பாடணும்" என்றாள். நான் பேசாமல் அடுத்ததாக ஜேக் பாடும் வீடியோவைப் போட்டேன். கனமான, கொஞ்சம் சொரசொரப்பான குரல்.

"இவரு அவங்க அண்ணனா மாமா?"

"இல்லடா, அவங்கதான் இவரு."

என்ன கேட்பாளோ என்று நான் தயாராகிக்கொண்டிருந்தேன். அக்கா முகமும் ஒரு மாதிரி ஆகிவிட்டது. பாப்பா கொஞ்ச நேரம் திரையையே பார்த்தாள்.

"அப்ப அந்தப் பழைய பாட்டெல்லாம் இப்ப எந்தக் கட்டைல பாடுவாரு?"

"இறக்கித்தான் பாடணும்."

"எவ்ளோ இறக்கணும்?"

தெரியவில்லை என்றேன். அவள் எழுந்து போய்க் கீபோர்டை ஆன் செய்தாள். மாசி மகத்தன்று பாடிய பாட்டை எடுத்துக்கொண்டு, சுருதியை ஏற்றி இறக்கும் ட்ரான்ஸ்போஸ் பட்டனை ஒவ்வொரு தடவையும் ஒரு படி கீழே அமுக்கி, பல்லவியை மட்டும் திரும்பத் திரும்பப் பாடிப் பார்த்துக்கொண்டிருந்தாள். நாலாவது தடவையில் நின்றாள். அந்த இடத்தில் அவள் குரல் நன்றாக இருந்தது. அக்கா உள்ளே காபி போடப் போய்விட்டாள்.