அண்ணனா, தம்பியா?

சப்டைட்டில் வேலையில் பெரும்பாலும் படத்துக்கு முன்னால் வசனக் கோப்புதான் வந்து சேரும். முகம் தெரியாது, குரல் தெரியாது. யார் யாரிடம் பேசுகிறார்கள் என்பதையே ஊகிக்க வேண்டும். ஒரு சிறிய திரையிடலுக்காக 'ஆன்டிகனி' படத்தைத் தமிழில் கேட்டபோதும் அப்படித்தான். படம் பிரெஞ்சு மொழியில். எனக்கு வந்தது ஆங்கில வசனமும் நேரக் குறிப்புகளும் மட்டும்.

கதை தெரிந்ததுதானே என்ற மிதப்பில் ஆரம்பித்துவிட்டேன். கிறிஸ்துவுக்கு முன் 441 வாக்கில் கிரேக்க நாடகாசிரியர் சோஃபக்ளிஸ் எழுதிய நாடகம். தீப்ஸ் நகருக்காக இரண்டு சகோதரர்கள் சண்டையிட்டு ஒருவரை ஒருவர் கொன்றுவிடுகிறார்கள். ஒருவனுக்கு அரச மரியாதை. மற்றவன், போலினிசஸ், துரோகி. அவன் உடலைப் புதைக்கக் கூடாது என்பது மன்னன் கிரியோனின் ஆணை. தங்கை ஆன்டிகனி அதை மீறி அந்த உடல் மேல் மண்ணைத் தூவுகிறாள்.

இதோ, 'தங்கை' என்று எழுதிவிட்டேன். சிக்கலே அங்கேதான் தொடங்கியது.

ஆங்கிலத்தில் 'பிரதர்' என்றால் வேலை முடிந்தது. தமிழில் அடுத்த கேள்வி உடனே வரும்: மூத்தவனா, இளையவனா? கிரேக்கர்களுக்கே இதில் ஒரு முடிவு கிடையாது. 'கொலோனஸில் இடிபஸ்' நாடகத்தில் போலினிசஸ்தான் மூத்தவன் என்கிறார் சோஃபக்ளிஸ். இன்னொரு கிரேக்க நாடகாசிரியர் யூரிபிடிஸின் நாடகத்தில் அவன் இளையவன். ஆன்டிகனியோடு ஒப்பிட்டால் யார் பெரியவர் என்று கோப்பிலும் இல்லை. அவளுடைய பிடிவாதத்தைப் பார்த்து, மூத்தவளாகத்தான் இருப்பாள் என்று நானாக நினைத்துக்கொண்டு, எல்லா இடத்திலும் 'தம்பி' போட்டேன்.

நாலு நாள் கழித்துப் படம் வந்தது. பார்த்தால் அவள் பள்ளி மாணவி. போலினிசஸ், படத்தில் போலினிஸ், அவளுக்கு அண்ணன்.

மாற்றினால் போச்சு என்று சொல்லலாம். ஆனால் இந்தப் படத்தில் அது வெறும் மரியாதைச் சொல் இல்லை, கதையே அதன் மேல்தான் நிற்கிறது. 2019இல் சோஃபி டெராஸ்ப் இயக்கிய படம் இது. அல்ஜீரியாவின் கபிலியப் பகுதியிலிருந்து கனடாவின் மான்ட்ரியாலுக்கு அகதிகளாக வந்த குடும்பம். பெற்றோர் சொந்த ஊரில் கொல்லப்பட்டவர்கள். பிள்ளைகளை வளர்ப்பது பாட்டி. ஓர் அண்ணனைப் போலீஸ் சுட்டுக் கொல்கிறது. இன்னொருவன் கைதாகிறான். அவன் வயது வந்தவன், குடியுரிமை இல்லாதவன், ஏற்கெனவே வழக்குகள் உள்ளவன். தண்டனைக்குப் பின் நாடு கடத்திவிடுவார்கள். ஆன்டிகனி மைனர், நன்றாகப் படிக்கிற பெண், ஒரு வழக்கும் கிடையாது. அதனால் தலைமுடியை வெட்டிக்கொண்டு சிறைக்குப் போய், அண்ணனைத் தன் உடையில் வெளியே அனுப்பிவிட்டு அவன் இடத்தில் உட்கார்ந்துகொள்கிறாள். தன் வயதையே கணக்குப் போட்டுச் செய்த காரியம் அது. நான் 'தம்பி' என்று எழுதிய வரிகளில் அந்தக் கணக்கே காணாமல் போயிருந்தது.

2008இல் மான்ட்ரியால் நார்ட் பகுதியில் ஃப்ரெடி வில்லனுவேவா என்ற 18 வயது இளைஞர் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார். குடும்பம் ஹோண்டுராஸிலிருந்து வந்தது. அவருடைய அண்ணனை நாடு கடத்தும் முயற்சியும் நடந்தது. படத்துக்கு வித்து அந்தச் சம்பவம்தான். தீப்ஸ் செத்தவனுக்கு மண் தர மறுத்தது. மான்ட்ரியால் உயிரோடு இருப்பவனுக்கு மறுக்கிறது. நாடகத்தை இந்தக் காலத்துக்குக் கொண்டுவர டெராஸ்ப் செய்த முக்கியமான மாற்றம் இதுதான் என்பேன். ஒரே ஆளாக ஒரு கிரியோனும் படத்தில் கிடையாது. போலீஸ், கோர்ட், குடியேற்றத்துறை என்று அதிகாரம் பல மேசைகளில் பிரிந்து கிடக்கிறது. கிரேக்க நாடகத்தில் கூட்டமாக நின்று கதையைப் பற்றிப் பாடும் கோரஸுக்குப் பதில் சமூக ஊடக வீடியோக்களும் ராப்பும். அந்த ராப் வரிகளுக்கு சப்டைட்டில் போட்ட கதையைத் தனியாகத்தான் எழுத வேண்டும்.

இந்தப் படத்தைப் பற்றிச் சொன்னதும் நண்பர்கள் எல்லோரும் கண்ணகி என்றார்கள். எனக்கு ஒப்பவில்லை. பாண்டியன் தவறாகத் தீர்ப்புச் சொன்னான் என்று நிரூபிக்கத்தான் கண்ணகி சிலம்பை உடைத்தாள். ஆன்டிகனியோ, சட்டத்தை மீறினேன், மறுபடியும் மீறுவேன் என்கிறாள்.

கோர்ட்டில் அவள் அண்ணனைப் பற்றிப் பேசும் வரியில் மூன்று நாள் மாட்டிக்கொண்டேன். 'அண்ணன்' தகவலுக்குச் சரி, ஆனால் எனக்குப் போதவில்லை. மூல நாடகத்தில் ஆன்டிகனி ஒன்று சொல்வாள்: கணவன் இறந்தால் வேறு கணவன் கிடைப்பான், பிள்ளை இறந்தால் வேறு பிள்ளை பிறக்கும், பெற்றோர் போன பிறகு இன்னொரு சகோதரன் எங்கிருந்து வருவான்? இந்த வரிகள் சோஃபக்ளிஸ் எழுதியவை அல்ல என்று யாராவது நிரூபித்தால் தேவலை என்றார் ஜெர்மன் கவிஞர் கதே. நம் ஊர் ஒப்பாரியைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இதில் அதிர்ச்சி ஒன்றும் இருக்காது. சகோதரனுக்கு கிரேக்கத்தில் 'அடெல்ஃபோஸ்'. ஒரே கருப்பையில் பிறந்தவன் என்று பொருள். வடமொழி வழி வந்த நம் 'சகோதர'னும் அதே பொருள்தான். ஆனால் அது கல்யாணப் பத்திரிகைச் சொல்லாகிவிட்டது. வயிறு இன்னும் ஒட்டிக்கொண்டிருக்கிற சொல் 'கூடப்பிறந்தவன்'தான்.

போட்டேன். மென்பொருளில் வரி சிவப்பாகிவிட்டது, நீளம் கூடிவிட்டது என்று அர்த்தம். 'கூடப்பிறந்தவன்' நம் கணக்கில் ஒன்பது எழுத்து. புள்ளியையும் கொம்பையும் தனித்தனியாக எண்ணுகிற மென்பொருளுக்குப் பதினான்கு. 'அண்ணன்' ஆறோடு முடிந்துவிடும். திரையில் அந்த வரி நிற்பதே இரண்டு நொடிதான்.

சரிபார்ப்பவர் போன் செய்தார்.

"ஒரு வரி சிவப்பா இருக்கே, பாத்தீங்களா?"

"தெரியும் சார். தெரிஞ்சுதான் விட்டிருக்கேன்."

கதேவில் ஆரம்பித்து கருப்பை வரைக்கும் எல்லாவற்றையும் சொன்னேன். பொறுமையாகக் கேட்டார்.

"சரி, அந்த ஒரு இடம் மட்டும் இருக்கட்டும். மத்த எல்லா இடத்திலும் அண்ணன்தான்."

திரையிடலுக்குப் போயிருந்தேன். எனக்கு முன் வரிசையில் ஒருவர் தன் அம்மாவை அழைத்து வந்திருந்தார். அந்த அம்மாவுக்குப் படிக்க வராது போல. மகன் ஒவ்வொரு வரியையும் காதோரம் மெதுவாகப் படித்துச் சொல்லிக்கொண்டே வந்தார். கோர்ட் காட்சி வந்தது. என் பதினான்கும் திரையில் வந்து நின்றது. அவர் அதைப் பார்த்தார்.

"அண்ணனுக்காகத்தான் செஞ்சேங்கிறா" என்றார்.

அந்த அம்மா, ஆமாம் என்பது போலத் தலையை ஆட்டினார்.