பாரூர் ஏரியில் ஜெல்லி மீனின் உறவு

கடலே இல்லாத தருமபுரி, கிருஷ்ணகிரிப் பக்கத்தில் ஜெல்லி மீனைப் பற்றிப் பேச என்ன இருக்கிறது என்று கேட்பவர்களைத் தை மாதக் காலையொன்றில் பாரூர் பெரிய ஏரிக்குப் போய்வரச் சொல்வேன். தருமபுரியிலிருந்து காவேரிப்பட்டணம் வழியாகச் செல்லும் அந்தச் சாலையின் இருபுறமும் மாந்தோப்புகள் பூத்திருக்கும். நெடுங்கல் அணைக்கட்டில் திருப்பப்படும் தென்பெண்ணை நீர்தான் கால்வாய் வழியே இந்த ஏரிக்கு வந்து சேர்கிறது.

நான் தேடிப் போனது ஹைட்ராவை. ஜெல்லி மீன், பவளம், கடல் சாமந்தி ஆகியவற்றோடு ஒரே தொகுதியில் வைக்கப்படும் இச்சிற்றுயிர், நன்றாக நீண்டாலும் ஏறத்தாழ ஒரு சென்டிமீட்டரைத் தாண்டாது. கரையோரத்துப் பாசியைச் சிறிதளவு எடுத்து, ஏரி நீர் நிரப்பிய கண்ணாடிக் குடுவையில் இட்டு, நிழலில் அசைக்காமல் வைத்தேன். முதலில் ஒன்றுமே தெரியவில்லை. நீர் தெளிந்து அடங்கிய பிறகு, சுருங்கிக் கிடந்த ஒரு பழுப்புப் புள்ளி மெல்ல நீண்டு, நுனியில் இழை இழையாக உணர்கொம்புகளை விரித்தது. கைலென்ஸின் வழியே அதைக் கண்டபோது, ஆழ்கடலில் ஜெல்லி மீன் மிதக்கும் படங்களைப் பார்த்து வியந்ததைக் காட்டிலும் அதிகமாக வியந்தேன்.

இரண்டின் உடலமைப்பும் அடிப்படையில் ஒன்றுதான். மூளையும் இதயமும் எலும்பும் கிடையாது. இரண்டு செல் அடுக்குகள், அவற்றுக்கு நடுவே கூழ் போன்ற ஒரு பொருள், உணவு நுழையவும் கழிவு வெளியேறவும் ஒரே வாய். ஜெல்லி மீனில் அந்த நடுக்கூழ் பெருத்துக் குடையாகிறது. அதன் உடலில் 95 விழுக்காட்டுக்கும் மேல் நீர்தான் என்பதாலேயே ஒளி அதனூடே அவ்வளவு அழகாகப் பாய்கிறது. நிலா ஜெல்லி மீனின் வாழ்க்கையில் ஒரு பகுதி, பாறையில் ஒட்டிக்கொண்டு ஹைட்ராவைப் போலவே தோன்றும் பாலிப்பாகக் கழிகிறது. பிறகு அந்தப் பாலிப் அடுக்கி வைத்த தட்டுகளைப் போலக் குறுக்கே பிளவுபட, ஒவ்வொரு தட்டும் பிரிந்து ஒரு குட்டி ஜெல்லி மீனாக நீந்திச் செல்கிறது. ஹைட்ராவுக்கு அந்த நீந்தும் பருவமே இல்லை. வாழ்நாள் முழுவதும் அது பாலிப்தான்.

குடுவைக்குள் துள்ளிக்கொண்டிருந்த ஒரு நீர்த்தெள்ளு உணர்கொம்பில் பட்டதும் அப்படியே நின்றுவிட்டது. கொட்டும் செல்லுக்குள் சுருண்டிருக்கும் நுண்ணிழை வெளிப்பாய்வதன் முதற்கட்டம், ஒரு நொடியின் பத்து இலட்சத்தில் ஒரு பங்குக்கும் குறைவான நேரத்தில் முடிந்துவிடும் என்று 2006ஆம் ஆண்டு ஆய்வொன்று ஹைட்ராவிலேயே அளந்து காட்டியது. கடலில் குளிப்பவர்களைச் சுடும் ஜெல்லி மீனின் ஆயுதமும் இதே வகைதான்.

வலையை உலர்த்திக்கொண்டிருந்த மீனவர் ஒருவர் குடுவையை உற்றுப் பார்த்துவிட்டு, "இது மீன் குஞ்சைத் தின்னாதுங்களா தம்பி?" என்று கேட்டார். "இப்பத்தான் பொரிச்ச குஞ்சுன்னா மாட்டிக்கும்ங்கண்ணா, வளந்த குஞ்சை ஒண்ணும் பண்ணாது" என்றேன். குஞ்சு வளர்ப்பவர் கேட்க வேண்டிய சரியான கேள்வி அது.

ஜெனீவாவில் பிறந்த ஆபிரகாம் டிரம்ப்ளே 1740களில் ஹைட்ராவை இரண்டாக வெட்டி, ஒவ்வொரு துண்டும் முழு உயிராக வளர்வதைக் கண்டு எழுதியபோது ஐரோப்பாவே திகைத்தது. ஓயாது பிரியும் குருத்தணுக்களே இதற்குக் காரணம். அத்தனை ஆற்றலுள்ள இவ்வுயிரால் செம்பு போன்ற உலோகம் கலந்த நீரைத் தாங்க முடிவதில்லை; நீரின் நச்சுத்தன்மையைச் சோதிக்க ஆய்வகங்களில் இதைப் பயன்படுத்துவது அதனால்தான். இதே தென்பெண்ணை, ஓசூருக்கு அருகே கெலவரப்பள்ளி அணையில் நுரை பொங்க வருவதை நினைத்தால் எனக்குக் கவலையாகவே இருக்கிறது.

போக விரும்புவோர் மார்கழி, தை மாதங்களைத் தேர்ந்தெடுப்பது நல்லது. ஹைட்ரா குளிர்ந்த நீரையே விரும்பும். பத்து மடங்கு பெரிதாக்கும் கைலென்ஸ் போதும். பார்த்து முடித்தபின் பாசியையும் நீரையும் எடுத்த இடத்திலேயே விட்டுவிடுங்கள். வேறு குளத்திலோ மீன் தொட்டியிலோ ஊற்ற வேண்டாம்.