ஜாமீன்தாரராகக் கடனை அடைத்த அனுபவம்

கரூரில் கொசுவலை உற்பத்தி செய்துவந்த என் பெரியப்பா மகன் இரண்டு பின்னல் இயந்திரங்கள் வாங்குவதற்காக ஒரு வங்கியில் 18 லட்சம் ரூபாய் கடன் பெற்றபோது, அவருடைய மைத்துனரும் நானும் ஜாமீன் கையெழுத்திட்டோம். சில ஆண்டுகள் தவணை ஒழுங்காகச் சென்றது. பிறகு வியாபாரம் சரிந்து, தவணைப் பாக்கி 90 நாள்களைத் தாண்டியதும் கடன் வாராக்கடனாக வகைப்படுத்தப்பட்டது. அதைத் தொடர்ந்து, ஈடாக வைத்த சொத்தை வங்கியே கைப்பற்றிக் கடனை வசூலிக்க வழிசெய்யும் சர்ஃபாசி சட்டத்தின் 13(2) பிரிவின்படி 60 நாள்களுக்குள் முழு நிலுவையையும் செலுத்தக் கோரும் அறிவிப்பு மூவர் பெயருக்கும் பதிவுத் தபாலில் வந்தது. அந்தச் சட்டத்தில் ‘கடன் பெற்றவர்’ என்ற வரையறைக்குள் ஜாமீன்தாரரும் அடங்குவார்.

அண்ணனுக்குச் சொந்த வீடு இருக்கிறது, அவரிடம் வசூலித்துத் தீராத பாக்கிக்குத்தானே எங்களிடம் வர வேண்டும் என்று வழக்கறிஞரிடம் கேட்டோம். அப்படி ஒரு வரிசை சட்டத்தில் இல்லை என்று அவர் விளக்கினார். 1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டம், 128ஆம் பிரிவில், ஒப்பந்தத்தில் வேறுவிதமாகச் சொல்லப்படாத வரையில் ஜாமீன்தாரரின் பொறுப்பு கடன்தாரரின் பொறுப்புக்கு முற்றிலும் சமமானது என்கிறது. கடன்தாரரிடம் எல்லா வழிகளையும் முயன்று பார்த்த பிறகே ஜாமீன்தாரரிடம் வர வேண்டும் என்ற நிபந்தனை வங்கிக்குக் கிடையாது என்பதை உச்ச நீதிமன்றம் 1969இல், பீகார் வங்கி தொடுத்த வழக்கில், தெளிவாகத் தீர்ப்பளித்திருக்கிறது. வங்கி நெடுநாள் சும்மா இருந்ததால் நாங்கள் விடுபட்டுவிட்டோம் என்று மைத்துனர் வாதிட்டார். வழக்குத் தொடுக்காமல் பொறுத்திருப்பது மட்டுமே ஜாமீன்தாரரை விடுவிக்காது என்று 137ஆம் பிரிவு கூறுவதால் அந்த வழியும் அடைபட்டது.

நான் அரசுப் பள்ளி ஆசிரியர் என்பதால் சம்பள ஜப்தி குறித்த கவலை எனக்கு அதிகமாக இருந்தது. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 60ஆம் பிரிவின்படி, இதுபோன்ற கடன் தீர்ப்பாணைக்காகச் சம்பளத்தில் முதல் 1,000 ரூபாயையும் மீதியில் மூன்றில் இரண்டு பங்கையும் தொட முடியாது. ஒரே தீர்ப்பாணைக்கு மொத்தம் 24 மாதங்களுக்கு மேல் பிடித்தம் செய்யவும் முடியாது. எதற்கெல்லாம் அஞ்ச வேண்டும், எதற்கு வேண்டியதில்லை என்பது தெரிந்த பிறகுதான் என்னால் நிதானமாக யோசிக்க முடிந்தது.

வழக்கறிஞரின் ஆலோசனைப்படி முதலில் ஜாமீன் பத்திரத்தின் நகலையும் கடன் கணக்கு விவரத்தையும் எழுத்துமூலம் கேட்டுப் பெற்றோம். அப்போதுதான் முக்கியமான ஒன்று வெளிப்பட்டது. ஈடாக இருந்த இரண்டு இயந்திரங்களில் ஒன்றை விற்க அண்ணனுக்கு வங்கி அனுமதி அளித்து, வந்த பணத்தை அவருடைய வேறொரு கடன் கணக்கில் வரவு வைத்திருந்தது. எங்களிடம் யாரும் ஒப்புதல் கேட்கவில்லை. ஒப்பந்தம் செய்யப்பட்டபோது கடன் கொடுத்தவரிடம் இருந்த ஈட்டை, ஜாமீன்தாரரின் சம்மதமின்றி அவர் கைவிட்டால், அந்த ஈட்டின் மதிப்பு அளவுக்கு ஜாமீன்தாரர் பொறுப்பிலிருந்து விடுபடுகிறார் என்பது ஒப்பந்தச் சட்டத்தின் 141ஆம் பிரிவு. இதைக் குறிப்பிட்டு 60 நாள் முடிவதற்குள் ஆட்சேபம் அனுப்பினோம். அதற்கு 15 நாள்களுக்குள் காரணத்துடன் பதில் தர வேண்டிய கடமை வங்கிக்கு உண்டு. ஜாமீன் பத்திரத்திலேயே இத்தகைய உரிமைகளை விட்டுக்கொடுப்பதாக ஒரு பத்தி இருப்பதை வங்கி தன் பதிலில் சுட்டிக்காட்டியது. அத்தகைய பத்திகளை நீதிமன்றங்கள் ஏற்றுக்கொண்டதும் உண்டு என்பதால், எங்கள் வாதம் கட்டாயம் வெல்லும் என்று சொல்ல முடியவில்லை. ஆயினும் பேச்சுவார்த்தையில் அதற்கு எடை இருந்தது.

மற்றொரு இயந்திரத்தை வங்கி ஏலம் விட்ட பிறகு சுமார் 7 லட்சம் ரூபாய் பாக்கி நின்றது. 20 லட்சத்துக்கும் குறைவான தொகை கடன் வசூல் தீர்ப்பாயத்துக்குப் போகாது. உரிமையியல் நீதிமன்றத்தில்தான் வழக்குத் தொடுக்க வேண்டும். அதற்கு முன்பே விவகாரத்தை மக்கள் நீதிமன்றத்துக்குக் கொண்டுசெல்ல மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனு அளித்தோம். அங்கே 4,80,000 ரூபாய்க்கு உடன்பாடு ஏற்பட்டது. மைத்துனரிடம் கையில் பணம் இல்லாததால் முழுத் தொகையையும் நானே செலுத்தினேன்.

இந்த இடத்தைத்தான் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். வங்கி தயாரித்த உடன்பாட்டு வரைவில் ‘கடன் கணக்கு முடிக்கப்பட்டது’ என்று மட்டுமே இருந்தது. ரசீதும் அண்ணன் பெயரில் வருவதாக இருந்தது. அதை அப்படியே ஏற்றிருந்தால், பணம் என்னுடையது என்பதை நிரூபிக்கும் சுமை பின்னாளில் என்மீது விழுந்திருக்கும். கடனைத் தீர்த்த ஜாமீன்தாரருக்கு வங்கியின் உரிமைகள் அனைத்தும் வந்து சேர்கின்றன என்கிறது 140ஆம் பிரிவு. அவர் முறையாகச் செலுத்திய தொகையைக் கடன்தாரர் ஈடுசெய்ய வேண்டும் என்கிறது 145ஆம் பிரிவு. ஆகவே நான் ஜாமீன்தாரர் என்ற முறையில் செலுத்தியதாக உடன்பாட்டிலும் ரசீதிலும் எழுதச் செய்தோம். மக்கள் நீதிமன்றத் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம். அதன்மீது மேல்முறையீடு கிடையாது. அதனால் ஒவ்வொரு வரியையும் கையெழுத்துக்கு முன்பே சரிபார்த்தாக வேண்டும். கடனுக்கு ஈடாக வங்கியிடம் இருந்த அண்ணனின் ஆயுள் காப்பீட்டுப் பாலிசியை அவரிடமே திருப்பித் தருவதாக இருந்தார்கள். அதுவும் எனக்கே மாற்றித் தரப்பட வேண்டும் என்று கேட்டு, அண்ணனின் சம்மதத்துடன் அதையும் தீர்வில் சேர்த்தோம். இவற்றில் எதையும் வங்கி தானாகச் சொல்லவில்லை.

ஒருவரின் கடன் வரலாற்றைக் காட்டும் சிபில் அறிக்கையில் இந்தக் கடன் என் பெயரிலும் பதிவாகியிருந்தது. நிலுவையின்மைச் சான்றை இணைத்துத் திருத்தம் கோரினேன். முழுத் தொகைக்குக் குறைவாகத் தீர்க்கப்பட்டதால் ‘உடன்பாட்டில் தீர்க்கப்பட்டது’ என்றே அது குறிக்கப்பட்டது. வீட்டுக்கடன் வாங்க எண்ணுபவர்கள் இதைக் கணக்கில் கொள்ள வேண்டும்.

சக ஜாமீன்தாரர்கள் சமமாகப் பங்கேற்க வேண்டும் என்ற 146ஆம் பிரிவின்படி மைத்துனரின் பங்கு 2,40,000 ரூபாய். உறவுக்குள் நோட்டீஸ் அனுப்புவதா என்று வீட்டில் தயங்கினார்கள். வழக்கறிஞர் மூலம் கணக்கை எழுதி அனுப்பியதும் அவர் மாதத் தவணைக்கு உடன்பட்டார். அண்ணனிடமிருந்து வர வேண்டிய தொகைக்குக் கையொப்பமிட்ட ஒப்புதல் கடிதம் வாங்கியிருக்கிறேன். அவர்மீது வழக்குத் தொடுக்க நான் பணம் செலுத்திய நாளிலிருந்து மூன்று ஆண்டுகள்தான் அவகாசம். அதற்குள் எழுதி வாங்கும் ஒவ்வொரு ஒப்புதலும் காலவரம்பைப் புதிதாகத் தொடங்கி வைக்கும் என்பதால், முழுத் தொகையும் வரும்வரை அந்தக் கடிதத்தை உரிய காலத்தில் புதுப்பித்து வாங்க அவரும் நானும் பேசி முடிவு செய்திருக்கிறோம்.